கடலுக்கு ஓலை எழுதுகிறவள்

கொண்டலிக்கு இடது கை கட்டைவிரல் நகம் மட்டும் நீளம். அதன் நுனியில் சின்னதாக ஒரு வெட்டு இருக்கும், எழுத்தாணியின் முனை வந்து உட்கார்வதற்கு. இருகடல் நாட்டில் எழுதுகிறவர்களை ஊர் அடையாளம் காண்பது இந்த நகத்தை வைத்துத்தான். பெண் பார்க்கப் போனால்கூட முதலில் கையை நீட்டச் சொல்வார்கள்.

இருகடல் நாட்டை வரைபடத்தில் தேட வேண்டாம், அது நான் எழுதும் மாயாஜாலக் கதைக்காகக் கட்டியது. நகம் மட்டும் நிஜம். பனையோலையில் எழுதிய நம் ஆட்கள் இப்படித்தான் நகம் வளர்த்து, வெட்டுவிட்டு, அதில் எழுத்தாணியைத் தாங்கி எழுதியிருக்கிறார்கள்.

நான் ராமநாதபுரம் மாவட்டத்தில் கடலை ஒட்டிய ஓர் ஊரில் பத்திர எழுத்தர் ஒருவரிடம் தட்டச்சு வேலை பார்க்கிறேன். நாள் முழுக்க 'சர்வ சுதந்திர பாத்தியமாய்', 'நான்கெல்லைக்கு உட்பட்ட', 'யாதொரு வில்லங்கமும் இல்லை' என்று அடித்துக்கொண்டிருப்பவனுக்கு மாயாஜாலக் கதை எங்கே வரப்போகிறது என்று நண்பர்கள் கேட்கிறார்கள். எனக்கு நேர்மாறாகத் தோன்றுகிறது. ஒரு தாளில் சரியான சொற்களைச் சரியான வரிசையில் எழுதி, இரண்டு சாட்சி கையெழுத்துப் போட்டு, முத்திரையும் விழுந்துவிட்டால் ஒருவருடைய நிலம் இன்னொருவருடையதாகிவிடுகிறது. மண் அசையவில்லை, வேலி அசையவில்லை, வேலியோரத்தில் மேய்ந்த ஆடுகூடத் தலையைத் தூக்கவில்லை. இதைவிடப் பெரிய மந்திரத்தை நான் எந்தக் கதையிலும் படித்ததில்லை. அதனால் என் உலகத்தில் மந்திரவாதி கிடையாது, எழுத்தர்தான் உண்டு.

மாயாஜாலக் கதைகளில் வரும் எழுத்தர்களைப் பார்த்து எனக்கு எப்போதுமே ஓர் எரிச்சல். இருட்டுக் கோபுரம், மெழுகுவத்தி, இறகுப் பேனா, தாடி. நாயகன் வந்து ஒரு கேள்வி கேட்பான், கிழவர் இருமிவிட்டு ஒரு வரைபடத்தை எடுத்துக் கொடுப்பார், அதோடு அவர் கதை முடிந்தது. அவருக்குச் சம்பளம் யார் கொடுக்கிறார்கள், கண் மங்கினால் என்ன செய்வார், மூட்டுவலிக்கு என்ன தைலம், ஒன்றும் தெரியாது. எனக்கு அந்தக் கிழவரின் சம்பளத்தைத்தான் தெரிந்துகொள்ள வேண்டும்.

சரி, நாட்டைச் சொல்லிவிடுகிறேன். பாம்பனில் நின்றால் வடக்கே பாக் நீரிணை, தெற்கே மன்னார் வளைகுடா. வடக்கே இருப்பது பெண்கடல், தெற்கே இருப்பது ஆண்கடல் என்று எங்கள் பக்கம் சொல்வார்கள். பெண்கடல் பெரும்பாலும் அலையடங்கிக் கிடக்கும், ஆண்கடல் துள்ளும். வாடைக்காற்று கிளம்பிவிட்டால் இது தலைகீழாகும், அப்போது பெண்கடல் போடுகிற ஆட்டத்தைப் பார்க்க வேண்டும். நான் செய்ததெல்லாம் அந்தப் பேச்சை அப்படியே நம்பியதுதான். இருகடல் நாட்டில் இரண்டு கடலும் இரண்டு ஆட்கள். கோபித்துக்கொள்வார்கள், பேரம் பேசுவார்கள், எழுதிக் கொடுத்தால் எழுதியபடி நடப்பார்கள். ஓலையில் ஒரு பக்கம் எழுதிக் கொடுப்பவர் கடல், மறுபக்கம் எழுதிப் பெறுபவர் ஊர். நடுவில் உட்கார்ந்திருப்பவள் கொண்டலி. கொண்டல் காற்று வீசிய நாளில் பிறந்ததால் அந்தப் பெயர்.

அவளுடைய தினப்படி வேலை சுறாக்களைக் கட்டுவது. இதற்கு விதை போட்டது மார்க்கோ போலோ. 13ஆம் நூற்றாண்டின் கடைசியில் பாண்டிய நாட்டுக் கரைக்கு வந்த வெனிஸ் வியாபாரி. நமக்கும் இலங்கைக்கும் நடுவில் நடக்கும் முத்துக்குளிப்பைப் பற்றிச் சொல்லும்போது, முழுகுகிறவர்களைப் பெரிய மீன்கள் தாக்காமல் மந்திரத்தால் கட்டிவைக்க ஆட்கள் இருந்தார்கள், எடுத்ததில் இருபதில் ஒரு பங்கு அவர்களுக்கு, பத்தில் ஒரு பங்கு அரசருக்கு என்கிறார். பின்னால் வந்த வெள்ளைக்கார அதிகாரிகளும் இந்த ஆட்களைப் பார்த்து எழுதியிருக்கிறார்கள். கடல்கட்டி என்று பெயர். கடல்கட்டி கரையில் இல்லையென்றால் ஒருவரும் தண்ணீரில் இறங்க மாட்டார்கள், அதனால் மந்திரத்தில் துளி நம்பிக்கையில்லாத துரைகளும் அவருக்குரிய பங்கைக் கொடுத்துத்தான் தீர வேண்டியிருந்தது.

போலோ சொல்லும் இன்னொரு விவரம்தான் என்னைத் தூங்கவிடாமல் செய்தது. கட்டு பகலுக்கு மட்டும். சாயங்காலமானால் அவிழ்த்துவிடுவார்கள், ராத்திரியில் மீன்கள் இஷ்டம்போல் திரியலாம். ஏன் அப்படி? அவருடைய நூலின் ஒரு வடிவத்தில் காரணமும் இருக்கிறது: இருட்டில் யாரும் திருட்டுத்தனமாக முழுகி முத்தெடுத்துவிடக் கூடாது. மந்திரம் மந்திரம் என்று பார்த்தால் கடைசியில் அது அரசாங்கச் சொத்துக்குப் போட்ட ராக்காவல்! போலோ தன் கையால் எதையும் எழுதவில்லை என்பதையும் இங்கே சொல்ல வேண்டும். ஜெனோவா சிறையில் அவர் சொல்லச் சொல்ல எழுதியவர் ருஸ்திசெல்லோ என்கிற கதை எழுத்தர். பிறகு படியெடுத்தவர்கள் ஆளுக்கொரு விதமாகக் கூட்டினார்கள், குறைத்தார்கள். அந்த ராக்காவல் காரணம் போலோ வாயிலிருந்தே வந்ததோ, இல்லை எங்கோ ஓர் எழுத்தர் உட்கார்ந்து யோசித்துச் சேர்த்ததோ, சேர்த்திருந்தால் அந்த ஆளை எனக்கு ரொம்பப் பிடித்திருக்கிறது.

ஆக, கொண்டலியின் நாள் இப்படிப் போகும். விடியுமுன் கரைக்கு வருவாள். அன்றைக்கு முழுகப் போகும் ஆட்கள் வரிசையில் நிற்பார்கள். ஒவ்வொருவர் பெயரும், எந்தப் பார், எந்தப் படகு, கயிறு யார் கையில் என்பதும் ஓலையில் ஏற வேண்டும். பார் என்றால் சிப்பி படுத்திருக்கும் கடலடித் திட்டு. முழுகுகிறவனின் கயிற்றை மச்சான்தான் பிடிக்க வேண்டும், கூடப்பிறந்தவள் தாலிக்காகவாவது அவன் கயிற்றை விடமாட்டான் என்று நம் கரையில் ஒரு பேச்சு உண்டு. இதையும் சட்டமாக்கிவிட்டேன். இருகடலில் மச்சான் கைநாட்டு இல்லாமல் ஓலை செல்லாது. எழுதி முடித்ததும் படகில் ஏறிப் போய், கடல் காதில் விழும்படி வாசித்து, நாராசம் என்கிற கம்பியில் கோத்து வைத்துக்கொள்வாள். சாயங்காலம் எல்லாத் தலையும் கரையேறிய பிறகு அந்த ஓலை நறுக்கை உருவி இரண்டாகக் கிழிப்பாள். கட்டு அவிழ்ந்தது.

இதில் அவளுக்கு மேசை வேண்டாம் என்பதைக் கவனிக்க வேண்டும். இறகுப் பேனா எழுத்தருக்கு மேசை வேண்டும், மைக்கூடு வேண்டும், காற்று அடிக்கக் கூடாது. ஓலை எழுதுகிறவருக்கு ஒன்றும் வேண்டாம். இடது கையில் ஓலை, வலது கையில் எழுத்தாணி. எழுத்தாணி இருந்த இடத்திலேயே நிற்கும், இடது கை ஓலையைத் தள்ளிக்கொடுக்கும். நின்றுகொண்டு எழுதலாம், ஆடுகிற வல்லத்தில் உட்கார்ந்து எழுதலாம். மை சிந்துவதற்கு மையே கிடையாது, கீறல்தான். கடலோரத்து எழுத்தருக்கு இதைவிடத் தோதான கருவியை நான் கற்பனை செய்திருக்கவே முடியாது, நம் ஆட்கள் செய்து வைத்துவிட்டுப் போயிருக்கிறார்கள்.

எழுத்தாணியிலும் ரகம் உண்டு. குண்டெழுத்தாணி, வாரெழுத்தாணி, மடக்கெழுத்தாணி. கொண்டை கனமாக இருக்கும் குண்டெழுத்தாணி கற்றுக்கொள்ளும் பிள்ளைகளுக்கு. மடக்கெழுத்தாணியில் ஒரு பக்கம் ஓலை வாருகிற கத்தி, ஒரு பக்கம் எழுதும் முனை, மடக்கி இடுப்பில் செருகிக்கொள்ளலாம். கொண்டலி மணலில் விரலால் எழுதிப் பழகி, பிறகு குண்டெழுத்தாணிக்கு வந்து, மடக்கெழுத்தாணியைக் கையில் வாங்கிய நாளில் அவளுடைய அப்பன் ஊருக்கெல்லாம் கருப்பட்டிப் பணியாரம் கொடுத்தார். அந்த அத்தியாயம் எனக்கே கொஞ்சம் திகட்டுகிறது, ஆனாலும் எடுக்க மனசில்லை.

ஓலை எங்கிருந்து வரும்? சாயல்குடி, கடலாடிப் பக்கம் போனவர்களுக்குப் பதில் தெரியும், கண்ணுக்கெட்டிய தூரம் பனைதான். இளசும் இல்லாமல் முற்றலும் இல்லாமல் ஓலை வெட்டி, ஈர்க்கைக் கிழித்து, நிழலில் உலர்த்தி, வெந்நீரில் வேகவைத்து, மறுபடி உலர்த்தி, சங்கால் தேய்த்து வழவழப்பாக்குவார்கள். ஓலையைப் பாடம் செய்வது என்று இதற்குப் பெயர். ஒரே அளவாக நறுக்கித் துளை போட்டால் எழுத ஆயத்தம். ஒரு துளையில் கயிறு. இன்னொன்றில் அந்த நாராசம், ஏடுகள் நழுவாமல் இருக்க. கயிற்றின் நுனியில் ஓலைத் துண்டைக் கிளிமூக்கு மாதிரி கத்தரித்து முடிந்திருப்பார்கள், அதற்குப் பெயரே கிளிமூக்கு. எழுதி முடித்ததும் மஞ்சள், வசம்பு, கரி, இலைச்சாறு என்று எதையாவது தடவினால் கீறலில் கறுப்பு ஏறி எழுத்து தெரியும். மையாடுவது. இந்த மையாடும் கட்டத்தைக் கொஞ்சம் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வரும்.

இனிச் சம்பளம். கடல்கட்டிக்கு இருபதில் ஒரு பங்கு என்றேனே, நம் பழைய கணக்கில் அது ஒரு மா. அரசருக்குப் பத்தில் ஒன்று, அது இருமா. ஓலை எழுதுகிறவளுக்குக் கடல்கட்டியின் மாவில் ஒரு வீசம், அதாவது பதினாறில் ஒன்று. இருபதையும் பதினாறையும் பெருக்கினால் 320. முந்நூற்று இருபதில் ஒரு பங்குக்குத் தமிழில் முந்திரி என்று பெயரே இருக்கிறது. கொண்டலியின் கூலி ஒரு முந்திரி. இந்த விகிதங்களை நான் உட்கார்ந்து திட்டமிடவில்லை, போலோவின் இருபதைப் பிடித்துக்கொண்டு போனால் தானாக வந்து விழுந்தது. அன்றைக்கு மதியம் கடையில் தனியாகச் சிரித்துக்கொண்டிருந்தேன், கிரயப் பத்திரத்துக்கு வந்த பெரியவர் ஒரு மாதிரி பார்த்தார். எழுத்துப் பிழைக்கு அபராதம் கீழ்முந்திரிக் கணக்கில். முந்திரியில் முந்நூற்று இருபதில் ஒன்று, 1,02,400இல் ஒரு பங்கு. கேட்கச் சின்னதாக இருக்கும், ஆனால் வருஷக் கடைசியில் கூட்டிப் பார்த்தால் அவளுக்கு மிஞ்சுவது ஓலை வாங்கத்தான் காணும். இந்தக் குறியீடுகளில் பலவற்றை 2019இல் யூனிகோடில் சேர்த்துவிட்டார்கள், முந்திரிக்கும் இடம் கொடுத்தாயிற்று. என் போனில் இன்னும் வெறும் கட்டமாகத்தான் தெரிகிறது.

முத்தைத் தரம் பிரிக்கும் இடத்திலும் அவள்தான் கணக்கு. பித்தளைச் சல்லடைகள் பத்து, 20 துளையில் தொடங்கி 1000 துளை வரை, ஒவ்வொன்றிலும் தங்குகிற முத்து ஒவ்வொரு ரகம். நிஜத்திலும் அப்படித்தான் சலித்தார்கள். 1961க்குப் பிறகு நம் பக்கம் பெரிய முத்துக்குளிப்பு நடக்கவில்லை, ஆணிமுத்து என்பது இன்றைக்குக் குழந்தையைக் கொஞ்சுவதற்கு மட்டும்தான்.

மந்திரம் எழுத்தில் இருக்கிறது என்றால் எழுத்துப் பிழை ஆபத்து. ஏட்டு எழுத்தில் பிழைக்கு இடம் ஏராளம். ஓலையில் புள்ளி வைத்தால் கிழியும் என்று மெய்யெழுத்துக்குப் புள்ளியே வைக்க மாட்டார்கள். எகரம் ஏகாரம், ஒகரம் ஓகாரம் எல்லாம் ஒரே மாதிரி, வீரமாமுனிவர் வந்து 18ஆம் நூற்றாண்டில் கொம்பைச் சுழித்துவிடும் வரைக்கும் படிக்கிறவர்தான் இடம் பார்த்துப் பிரித்துக்கொள்ள வேண்டும். காலும் ரகரமும்கூட அச்சு ஒன்றுதான். இப்போது யோசியுங்கள், மேகத்துக்கு 'பெய்' என்று ஓலை போகிறது. மேகம் அதைப் 'பேய்' என்று படித்துவிட்டால்? கொண்டலியின் முன்னோர் ஒருவர் காலத்தில் அது நடந்தே விட்டது. மழைக்குப் பதிலாக ஊருக்குள் வந்திறங்கிய பேய்களுக்குக் குடியிருப்புப் பட்டா கொடுத்து, மேற்குத் தெருவில் உட்கார வைத்து, இன்றுவரை வரி வாங்குகிறார்கள். எழுதினவன் ஏட்டைக் கெடுத்தான் என்று நம்மில் சும்மாவா சொன்னார்கள்.

ஒவ்வொரு ஓலையும் ஒரு சாபத்தோடு முடியும். இது ராமநாதபுரத்தை ஆண்ட சேதுபதிகளின் செப்பேடுகளிலிருந்து எடுத்தது. தானம் கொடுத்த விவரம், நிலத்தின் எல்லை எல்லாம் எழுதிய பிறகு, இதற்குக் கெடுதல் செய்தவன் கங்கைக்கரையில் காராம்பசுவைக் கொன்ற பாவத்தில் போவான் என்று முடிப்பார்கள். இன்றைய பத்திரத்தில் அந்த வரியின் இடத்தில் 'பின்னிட்டு யாதொரு வில்லங்கம் ஏற்பட்டால்' வந்துவிட்டது, சாபத்தை எடுத்துவிட்டு நஷ்டஈடு. எனக்குச் சாபம்தான் பிடிக்கும். ஆனால் கடலுக்கு என்ன சாபம் கொடுப்பது? கடல் பசுவைக் கொல்லாது, கங்கைக்கும் போகாது. யோசித்து யோசித்து, 'இந்த ஓலைக்கு மாறாக நடக்கும் கடல் உப்பற்றுப் போகக் கடவது' என்று எழுதினேன். கடலுக்கு உப்புதானே மானம்.

இதை எங்கள் தெருவில் இருக்கும் பனையேறிப் பெரியவர் ஒருவரிடம் சொன்னேன். கதை கேட்பதில் ஆர்வமுள்ளவர், கருப்பட்டி வாங்கப் போனால் உட்கார வைத்துப் பேசுவார். கேட்டுவிட்டு கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லவில்லை. அப்புறம், "கடல் நல்ல தண்ணியாப் போகணும்னா அது சாபமா அப்பு? நம்மூர்ல அதுக்குக் கோயில் கட்டிக் கொடை எடுப்பாகளே" என்றார்.

நான் அந்தப் பக்கம் யோசிக்கவே இல்லை. தமிழ்நாட்டில் எந்த அலுவலகத்திலும் மேலதிகாரி கோபப்பட்டால் சொல்கிற வார்த்தை, உன்னைத் தண்ணியில்லாக் காட்டுக்கு மாத்திருவேன் என்பது. அந்தக் காடு நாங்கள்தான். குடத்தைத் தள்ளுவண்டியில் அடுக்கிக்கொண்டு மைல் கணக்கில் போன பெண்கள் இருக்கிற மாவட்டத்தில் உட்கார்ந்துகொண்டு, கடல் இனிக்கட்டும் என்று ஒரு சாபம்! அன்றைக்கு ராத்திரியே கதையின் நடுப்பகுதியை முழுசாக மாற்றினேன்.

பஞ்ச காலம். இருகடலில் மூன்றாவது வருஷமாக மழையில்லை. ஊருணி காய்ந்து வெடித்துவிட்டது. ஊர்ப் பெரியவர்கள் ராத்திரியில் கொண்டலி வீட்டுக்கு வருகிறார்கள். கடல் ஓலையை மீறினால்தானே உப்பு போகும்? மீற வைத்தால் என்ன? நாளைக் காலை ஓலையில் ஏதாவது ஓர் இடத்தில் கட்டைத் தளர்த்தி எழுது. சுறா ஒருத்தனைப் பிடிக்கட்டும். கடல் வாக்குத் தவறியதாகும், சாபம் பலிக்கும், ஊர் முழுக்கக் குடிக்கும். ஒருத்தன்தானே.

இந்த இடத்தில் நாயகி என்றால் கண் சிவக்க வேண்டும், எழுத்தாணியை ஓங்க வேண்டும். அப்படி ஒரு வரைவு எழுதி, படித்துப் பார்த்து, தூக்கிப் போட்டேன். கொண்டலி அரசாங்கக் கூலி வாங்குகிறவள், இத்தனை வருஷம் வாங்கியவள், அவளுக்கு ஆவேசம் வராது. அவளுக்கு வருவது ஒரு கேள்வி. நாங்கள் கடையில் நாள் முழுக்கக் கேட்கிற அதே கேள்வி.

"எழுதிருவோம் பெரியப்பா. யார் பேரைப் போட?"

பெயரில்லாமல் ஓலை எழுத முடியாது, அதுதான் விதி. கூட்டம் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கிறது. ஒவ்வொருத்தனும் யாருக்காவது மகன், யாருக்காவது மருமகன். கடைசியில் ஒரு பெயர் வருகிறது: எங்கிருந்தோ பிழைக்க வந்து படகுத்துறையில் படுத்துக்கிடக்கும் ஓர் ஆள், கேட்க நாதியற்றவன். கொண்டலி பெயரை எழுதிக்கொண்டு அடுத்த வரிக்குப் போகிறாள். கயிறு யார் கையில்? அவனுக்கு மச்சான் இல்லை. மச்சான் இல்லாமல் சாட்சி இல்லை, சாட்சி இல்லாமல் ஓலை செல்லாது. ஓலையை மடக்கி வைத்துவிடுகிறாள்.

ஊர் விடுமா? அவனுக்கு ஒரு கல்யாணம் செய்து வைக்கிறார்கள். வறுமைப்பட்ட வீட்டில் ஒரு பெண், பந்தல், தாலி, பஞ்ச காலத்திலும் ஒரு படி அரிசிச் சோறு. மறுநாள் காலையில் புது மச்சானைக் கையோடு கூட்டிவந்து, கைநாட்டு வை என்கிறார்கள். அவன் வைக்க மாட்டேன் என்றுவிடுகிறான். நேற்று ராத்திரி வரைக்கும் அவனுக்கு அந்த ஆள் யாரோ. இன்றைக்குத் தங்கச்சி புருஷன். கயிற்றை மச்சான் பிடிக்க வேண்டும் என்று முன்னோர்கள் வைத்ததே இதற்காகத்தானே. அடிக்கிறார்கள், பணம் தருகிறோம் என்கிறார்கள். அவன் கட்டைவிரலை மடக்கி உள்ளங்கைக்குள் வைத்துக்கொண்டு நிற்கிறான்.

அந்த வருஷமும் மழை பெய்யவில்லை. பாதி ஊர் வெளிநாடு பிழைக்கப் போய்விட்டது. மழையைக் கொண்டுவந்து முடித்திருக்கலாமே என்று கீழக்கரையில் இருக்கும் நண்பன் சண்டை போட்டான். அவன் வீட்டில் மூன்று தலைமுறையாக ஆண்கள் சபராளிகள், கடல் கடந்து பிழைக்கப் போகிறவர்கள். மழை வந்திருந்தால் உன் வாப்பா ஏன் கப்பல் ஏறுகிறார் என்று கேட்டேன், பேச்சை மாற்றிவிட்டான். ஆனால் அவனால்தான் எனக்கு அரபுத்தமிழ் கிடைத்தது. தமிழை அரபு எழுத்தில், வலமிருந்து இடமாக எழுதுவது. கீழக்கரை மாப்பிள்ளை லெப்பை ஆலிம் 19ஆம் நூற்றாண்டில் அதில் நூல்களே செய்திருக்கிறார். இருகடலில் இதை இப்படி எடுத்துக்கொண்டேன்: ஆண்கடலுக்குப் போகும் ஓலை இடமிருந்து வலம், பெண்கடலுக்குப் போவது வலமிருந்து இடம். இரண்டு கடலுக்கும் எல்லைத் தகராறு வந்து சமாதானம் எழுதும்போது இரண்டு எழுத்தர்கள் ஒரே ஓலையில் இரண்டு ஓரத்திலிருந்தும் தொடங்கி நடுத்துளையில் வந்து முடிக்க வேண்டும். யார் வரி துளையைத் தாண்டினாலும் அந்தக் கடலுக்கு ஒரு பாகம் நிலம் கூடும். இந்தத் தகராறை எழுதும்போது நிஜமான நில வழக்குகள் கைகொடுத்தன, பெயர் சொல்ல மாட்டேன்.

இதற்கிடையே ஓலையை மீறாமலேயே கடல் எடுத்த ஆட்கள் உண்டு. மூச்சு முட்டியவர்கள், கல் சிக்கியவர்கள், காது வெடித்தவர்கள். சுறா தொடவில்லை, ஆகவே கடல் வாக்குத் தவறவில்லை, ஆகவே அரசரின் கணக்கில் அவர்களுக்குப் பத்தி இல்லை. சாயங்காலம் ஓலையைக் கிழிக்கும்போது அவர்கள் பெயரும் சேர்ந்து கிழிந்துபோகும். கொண்டலி இவர்களை வீட்டில் தனி ஏட்டில் எழுதுகிறாள், எழுதிவிட்டு மையாடுவதில்லை. பார்த்தால் வெற்று ஏடு. நகத்தால் தடவினால்தான் கீறல் தட்டும். சோதனைக்கு வந்த அதிகாரி எடுத்துப் பார்த்துவிட்டு, இத்தனை ஓலையை எழுதாமல் அடுக்கி வைத்திருக்கிறாயே என்று அபராதம் போட்டுவிட்டுப் போகிறார்.

ஆனால் ஏடு நிலைக்காது. நல்ல ஏடே இருநூறு முந்நூறு வருஷம்தான், உப்புக்காற்றில் இன்னும் குறைவு, பூச்சி வேறு. அதற்குள் யாராவது புதிய ஓலையில் படியெடுக்க வேண்டும். எடுக்காமல் விட்ட ஏடுகள் என்ன ஆயின என்பதைப் பழைய ஏடுகளைத் தேடித் தேடி அச்சேற்றிய உ.வே.சா. வயிறெரிந்து எழுதியிருக்கிறார், ஆற்றில் விட்டதும் கரிவலம்வந்தநல்லூரில் நெய்யில் தோய்த்து ஓமத்தீயில் இட்டதுமாக. கண்ணுக்கே தெரியாத ஏட்டை எவன் படியெடுப்பான்? இந்தச் சிக்கலில் நான் ரொம்ப நாள் மாட்டிக்கொண்டிருந்தேன். வழி சொன்னது அழகன்குளம். வைகை கடலில் சேருமிடம், ரோமாபுரிக் காசெல்லாம் கிடைத்த பழைய துறைமுகம். அங்கே தோண்டியபோது தமிழ் பிராமி எழுத்துக் கீறிய பானை ஓடுகள் வந்தன. ஈராயிரம் வருஷத்துக்கு முந்தியவை, உடைந்த பானையில் யார் யாரோ கீறி வைத்தது. ஓலையும் இல்லை, எழுதச் சொன்ன அரசரும் இல்லை, ஓடு மட்டும் கிடக்கிறது. கொண்டலிக்குக் கண் மங்கியபிறகு வேலையே அதுதான். மையாடாத ஏட்டை நகத்தால் படித்துப் படித்து, உடைந்த சட்டிப்பானையில் பெயர்களைக் கீறி, கரை மணலில் புதைக்கிறாள். அவள் கதையின் முதல் பாகம் அங்கே முடிகிறது.

இரண்டாம் பாகம் அவளிடம் வேலை கற்கும் பையனுடையது. கெட்டிக்காரன், கை வேகம், பொய் சரளமாக வரும். அவன் காலத்தில் கப்பலில் காகிதம் வந்து இறங்குகிறது, பின்னாலேயே அச்சு. நம் முத்துக்குளித்துறை மக்களுக்காக 1578இல் கொல்லத்தில் 'தம்பிரான் வணக்கம்' என்கிற கிறிஸ்தவ நூல் அச்சானது, அந்த வேகத்தை நினைத்துக்கொண்டு எழுதுகிறேன். பையன் செய்யும் முதல் காரியம், தினம் தினம் எழுதுவானேன் என்று ஓலையின் வாசகத்தை மொத்தமாக அச்சடித்து வைத்துக்கொள்வது. பெயர் வரும் இடத்தில் ஒரு கோடு, சாட்சி வரும் இடத்தில் ஒரு கோடு. கைநாட்டை முதலில் வாங்கிக்கொள்ளலாம், பெயரை அப்புறம் நிரப்பிக்கொள்ளலாம். ஊர்ப் பெரியவர்கள் அவனைத் தேடிப் போவதற்கு ரொம்ப நாளாகாது. வெற்றுத்தாளில் விரல் வைத்துவிட்டு வந்து எங்கள் கடை வாசலில் அழுதவர்களைப் பார்த்திருக்கிறேன், அந்த அத்தியாயத்துக்கு நான் எந்தப் புத்தகத்தையும் புரட்டவில்லை. இப்போதைக்குப் பாக்கி நிற்பது ஒன்றுதான்: அச்சடித்த எழுத்தைக் கடல் செல்லுபடியாகும் என்று ஏற்றுக்கொள்கிறதா, இல்லை ஓலைதான் வேண்டும் என்று அடம்பிடிக்கிறதா. ஆண்கடல் ஏற்றுக்கொள்ளும் என்று வைத்திருக்கிறேன். பெண்கடல் மாட்டாள்.